நம்மைப் பற்றிப் பிறர் எழுதியது: டெனிஸ் மெக்கில்வ்ரேயைக் கண்டியிலிருந்து வாசித்தல்

2018 மார்ச் மாதம். திகன, தெல்தெனிய பக்கம் எரிந்து ஓய்ந்து, ஊரடங்கு தளர்ந்து, பாடசாலை திறந்த முதல் வாரம். உயர்தர வகுப்பில் அன்றைக்கு அரைவாசிப் பிள்ளைகள்தான் வந்திருந்தார்கள். செய்யுள் பாடம் தொடங்க முன்னர் ஒரு பிள்ளை எழும்பிக் கேட்டாள்: "சேர், நாங்க அரேபியாவிலேருந்து வந்தவங்களா, இந்தியாவிலேருந்து வந்தவங்களா? போகச் செல்றாங்களே, எங்க போற?"

நான் தமிழைச் சிறப்புப் பாடமாகப் படித்தவன். இருபது வருடத்துக்குக் கிட்ட அதையே படிப்பித்து வருகிறேன். அன்றைக்கு எனக்குப் பதில் வரவில்லை. "அதப் பொறகு கதைப்போம் மகள்" என்று சொல்லிவிட்டுச் செய்யுளுக்குப் போய்விட்டேன். அந்தக் கடனை அடைக்க வேண்டும் என்ற எண்ணத்தில்தான் அடுத்து வந்த வருடங்களில் நம்மைப் பற்றி மற்றவர்கள் எழுதியதையெல்லாம் தேடித் தேடி வாசித்தேன். அவற்றுள் அதிக காலம் என் மேசையில் கிடந்தவை டெனிஸ் மெக்கில்வ்ரேயின் எழுத்துக்கள். அமெரிக்காவின் கொலராடோ பல்கலைக்கழகத்தில் மானிடவியல் கற்பித்த பேராசிரியர் அவர். நாற்பது வருடங்களுக்கு மேலாக இலங்கை முஸ்லிம்களைப் பார்த்துக்கொண்டே இருந்த ஒருவரின் ஆய்வுப் பயணத்தை, அவர் பார்த்த இடத்திலிருந்து அல்லாமல் நான் இருக்கும் இடத்திலிருந்து மதிப்பிட்டுப் பார்ப்பதே இக்கட்டுரை.

மெக்கில்வ்ரே முதலில் வந்து இறங்கியது அக்கரைப்பற்றில். 1969 முதல் 1971 வரை அங்கே தங்கி, தமிழ் கற்று, தமிழரோடும் முஸ்லிம்களோடும் பழகினார். அந்தக் களஆய்வை வைத்து 1974இல் சிக்காகோ பல்கலைக்கழகத்தில் கலாநிதிப் பட்டம் பெற்றார். பின்னர் போர்க்காலத்திலும், சுனாமிக்குப் பின்னும் அதே ஊருக்குத் திரும்பத் திரும்ப வந்தார். ஒரு ஊரை ஒரு தரம் பார்த்துவிட்டு வாழ்நாள் முழுக்க அதைப் பற்றியே பேசுகிற ஆய்வாளர்கள் உண்டு. ஊர் மாறியபோது தானும் திரும்ப வந்து பார்த்த சிலரில் இவர் ஒருவர். இந்த உழைப்பெல்லாம் சேர்ந்த நூல் 2008இல் டியூக் பல்கலைக்கழக வெளியீடாக வந்த 'குரூசிபிள் ஒஃப் கொன்ஃப்ளிக்ட்'. தட்டார் பொன் உருக்கும் மூசையைத்தான் அந்த முதற்சொல் குறிக்கிறது. கிழக்குக் கரையின் தமிழ், முஸ்லிம் சமூகங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து அந்நூல் பேசுகிறது.

அதன் மையம் குடி முறை. மலைநாட்டுக்காரர்களாகிய நமக்கு இது புதினம். கிழக்கில் ஒருவர் தாயின் குடியைச் சேர்ந்தவர். தன் குடிக்குள் மணம் முடிக்கக் கூடாது. கலியாணத்துக்குப் பின் மாப்பிள்ளை பெண்ணின் வீட்டுக்குப் போகிறார். வீடும் வளவும் மகளுக்குச் சீதனமாகப் போகின்றன. பள்ளிவாசல் நிர்வாகத்தில் மரைக்காயர்மார் குடிக்கு ஒருவராக இருந்து வந்தார்கள். பக்கத்துத் தமிழ் ஊரிலும் இதே குடி, இதே தாய்வழி, இதே சீதன வீடு. கோயில் திருவிழா உரிமைகளும் குடிவாரியானவை. தொழும் இடம் வேறு, வீட்டின் ஒழுங்கு ஒன்று என்பதை ஊகமாகச் சொல்லாமல், வீடு வீடாகப் போய், உறவுமுறை எழுதி, காணி கேட்டு நிறுவினார் மெக்கில்வ்ரே. முஸ்லிம் சமூகம் என்றால் பள்ளிவாசலும் கடைத்தெருவும்தான் என்று எழுதிவந்த காலத்தில், அது பெண்ணுடைய வீட்டிலிருந்து தொடங்குகிறது என்று காட்டியது பெரிய காரியம். 2004 டிசம்பர் சுனாமிக்குப் பின்னர் பட்ரீஷியா லோரன்ஸுடன் சேர்ந்து வீடமைப்பைப் பற்றி எழுதியபோதும் இந்தப் பார்வைதான் அவருக்குக் கை கொடுத்தது. அடித்துச் செல்லப்பட்டது ஒரு குடும்பத்தின் கூரை மட்டுமல்ல, ஒரு மகளின் சீதனமும்தான் என்பது உதவி செய்ய வந்த எத்தனை நிறுவனங்களுக்குப் புரிந்திருக்கும்?

இரண்டாவதாக நான் மதிப்பது 1998இல் வந்த 'அரபிகள், சோனகர், முஸ்லிம்கள்' என்ற அவருடைய நீண்ட கட்டுரை. என் மாணவி கேட்ட கேள்விக்கு நேரே நிற்பது அதுதான். அதில் கேரளத்து மாப்பிள்ளைமார், தமிழ்நாட்டு மரைக்காயர், இலங்கைச் சோனகர் ஆகிய மூவரையும் ஒப்பிடுகிறார். மூன்று கரைகளிலும் அரபு வணிகர் வந்தார்கள், உள்ளூர்ப் பெண்களை மணந்தார்கள், ஷாபி மத்ஹப் பரவியது. ஆனால் காயல்பட்டினத்து மரைக்காயர் தன்னைத் தமிழர் என்றும் முஸ்லிம் என்றும் ஒரே மூச்சில் சொல்லிக்கொள்கிறார். இங்கே அது முடியாமல் போனது ஏன்?

இரத்தத்தில் விடை தேடாமல் அரசியலில் தேடியதுதான் அந்தக் கட்டுரையின் பலம். 1888இல் பொன்னம்பலம் இராமநாதன் றோயல் ஏசியாட்டிக் சங்கத்தில், இலங்கைச் சோனகர் இனத்தால் தமிழரே என்று வாதிட்டார். அது வெறும் ஆராய்ச்சி அல்ல. சட்டநிரூபண சபையில் முஸ்லிம்களுக்குத் தனி ஆசனம் தேவையா என்ற கேள்வி அப்போது நடந்துகொண்டிருந்தது. 1889இல் அந்த ஆசனம் கிடைத்தது. 1907இல் ஐ.எல்.எம். அப்துல் அஸீஸ் இராமநாதனுக்கு மறுப்பு நூல் எழுதி அரபு வழித்தோன்றலை வலியுறுத்தினார். 1915 கலவரத்தின் பின்னர் அதே இராமநாதன் சிங்களத் தலைவர்களுக்காகச் சபையில் வாதாடியபோது, பிளவு ஆறாத புண்ணானது. ஆக, 'நாங்கள் அரபிகள்' என்று நம் முன்னோர் சொன்னது ஒரு வழக்கில் எதிர்வாதியின் மனுவைப் போன்றது. மனுவில் உண்மையும் இருக்கும். ஆனால் அது கேட்கப்பட்ட கேள்விக்கு ஏற்ப எழுதப்பட்டது. இதை வாசித்தபோது என் மாணவியின் கேள்வியும் அப்படி ஒரு மனுதானே என்று எனக்குப் பட்டது. அவள் வரலாறு கேட்கவில்லை. இருக்க விடுவார்களா என்று கேட்டாள்.

இவ்வளவும் மெக்கில்வ்ரேக்கு நாம் பட்ட கடன். இனி என் மனத்தாங்கல்கள்.

முதலாவது, இடம் பற்றியது. 2012 குடிசன மதிப்பீட்டின்படி இந்நாட்டில் முஸ்லிம்கள் 9.7 வீதம். அவர்களில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கினர்தான் கிழக்கில். மற்ற மூன்றில் இரண்டு பங்கினர் கொழும்பு, கண்டி, புத்தளம், குருநாகல், களுத்துறை என்று, பெரும்பாலும் சிங்களவர் நடுவே சிறு சிறு ஊர்களாக வாழ்கிறோம். இலங்கை முஸ்லிம்களின் இனவரைவியல் என்று உலகம் எடுத்து வாசிப்பது அந்த ஒரு பங்கைப் பற்றி எழுதப்பட்டதை. மலைப்பக்கம் மெக்கில்வ்ரே ஆர்வத்தோடு வந்தது பலாங்கொடைக்கு அப்பால் உள்ள தப்தர் ஜெய்லானிக்கு. அந்தக் குகைப் பள்ளியைப் பற்றியும், அங்கே நடக்கும் கந்தூரி, ரிபாய் ராத்திபு பற்றியும், பின்னர் அந்த இடத்துக்குப் பௌத்த தரப்பு உரிமை கோரியது பற்றியும் அவர் எழுதியவை பெறுமதியானவை. ஆனால் அது யாத்திரைத் தலம், ஊர் அல்ல. அக்குறணையும் மடவளையும் கல்ஹின்னையும் கம்பளையும் அவருடைய களத்துக்கு வெளியே நின்றுவிட்டன.

நமது பக்கத்தில் கேள்வியே வேறு. கிழக்கில் முஸ்லிமுக்கு முன்னால் நிற்கும் கண்ணாடி தமிழன், இங்கே சிங்களவன். கண்டி அரசர் காலத்தில் நம் முன்னோர் மடிகே பகுதியில் தவளம் நடத்தினார்கள். சிலர் அரச வைத்தியர்களாக இருந்தார்கள். 1626இல் போர்த்துக்கீசர் துரத்தியவர்களுக்கு செனரத் மன்னன் இடம் கொடுத்தான். என் மூத்தாப்பாவின் பழைய காணி உறுதியில் குடும்பப் பெயர் 'கெதர' என்று சிங்களத்தில்தான் முடிகிறது. உம்மும்மா பக்கத்து வீட்டு நோனாவோடு சிங்களத்தில் சண்டையும் பிடிப்பார், புத்தாண்டுக்கு அங்கிருந்து வரும் கொண்டைப் பலகாரத்தில் எங்களுக்குப் பங்கும் வைப்பார். குடி முறை இங்கே இல்லை. ஆனால் இங்கேயும் ஒரு வீட்டு ஒழுங்கு இருந்தது. அதை அக்கரைப்பற்றைப் போல யாரும் வீடு வீடாக எழுதி வைக்கவில்லை.

இந்த இடைவெளியை ஓரளவு நிரப்புகிறவர்கள் இருவர். வரலாற்றாசிரியை லோர்னா தேவராஜா 1994இல் எழுதிய நூல், முஸ்லிம்கள் இந்நாட்டில் ஆயிரம் வருடம் இணக்கமாக வாழ்ந்ததைக் கண்டி இராச்சியச் சான்றுகளோடு சொல்கிறது. நம்மவர் மேடைதோறும் எடுத்துக் காட்டுவது அதைத்தான். மற்றவர் யாழ்ப்பாணத்துக் குடும்பத்தில் வந்த ஹாவர்ட் மானிடவியலாளர் ஸ்டான்லி தம்பையா. 1996இல் வந்த 'லெவலிங் க்ரௌட்ஸ்' நூலில் தென்னாசியாவின் கலவரக் கும்பல்களை ஆராய்ந்தபோது அவர் 1915ஐயும் எடுத்துக்கொண்டார். தேவராஜாவின் நூற்பெயரில் இருக்கும் வருடங்கள் 900 முதல் 1915 வரை. இணக்கத்தின் கதை முடிகிற வருடத்தில்தான் தம்பையாவின் கதை சூடு பிடிக்கிறது. நாம் முதல் நூலைக் கையில் வைத்துக்கொண்டு இரண்டாவதைத் திறக்கப் பயந்தவர்கள்.

1915இல் நடந்தது நம் வாசற்படியில். கம்பளையில் வலஹாகொட தேவாலயப் பெரஹெர பள்ளிவாசலுக்கு முன்னால் மேளம் அடித்துப் போகலாமா என்ற வழக்கு 1912இல் தொடங்கியது. மாவட்ட நீதிமன்றம் தேவாலயத்துக்குச் சார்பாகத் தீர்த்தது. 1915 பெப்ரவரியில் உயர்நீதிமன்றம் அதை மாற்றியது. அந்த வருடம் வெசாக் இரவில், மே 28ஆம் திகதி, கண்டி காசல் ஹில் வீதிப் பள்ளிவாசலருகே கல்லெறி தொடங்கியது. நாட்கணக்கில் ஐந்து மாகாணங்களுக்குப் பரவியது. அப்போது பகை 'கரையோரச் சோனகர்' எனப்பட்ட இந்திய முஸ்லிம் வியாபாரிகளோடுதான் என்று சொல்லப்பட்டது. உள்ளூர்ச் சோனகரும் 'அவங்க வேற, நாங்க வேற' என்றுதான் நம்பினார்கள். கும்பல் அந்த வேறுபாட்டைப் பார்த்துக்கொண்டிருக்கவில்லை. நூற்று மூன்று வருடம் கழித்துத் திகனவில் தீ வைத்தவர்களும் எந்தக் கடை தலைமுறைக் கடை, எந்தக் கடை புதுசு என்று கேட்கவில்லை.

இங்கேதான் மெக்கில்வ்ரேயைத் திரும்ப வாசிக்க வேண்டி வந்தது. அவருடைய மாதிரி நமக்குப் பொருந்தாது என்று நான் சொன்னேன். ஆனால் அவருடைய நூலின் கசப்பான பாடம் நமக்குத்தான் அதிகம் பொருந்துகிறது. கிழக்கில் தமிழரும் முஸ்லிம்களும் மொழியால் ஒன்று, குடியால் ஒன்று, வீட்டால் ஒன்று. 1990 ஆகஸ்டில் காத்தான்குடிப் பள்ளிவாசலில் தொழுதுகொண்டிருந்தவர்கள் சுடப்பட்டபோது அந்த ஒன்றுகளில் எதுவும் குறுக்கே வந்து நிற்கவில்லை. ஒத்திருப்பது கேடயம் ஆகாது. அப்படியானால் கண்டியிலே, "நாங்களும் உங்களைப் போலத்தான், பாருங்க எங்கட கெதரப் பெயரை" என்று நாம் நீட்டுகிற பத்திரத்துக்கு என்ன பெறுமதி? பெறுமதி உண்டு, வரலாறாக. பாதுகாப்பாக அல்ல.

இரண்டாவது மனத்தாங்கல், காலம் பற்றியது. 2011இல் எழுதிய கட்டுரையில் மெக்கில்வ்ரே இலங்கை முஸ்லிம்களை இனத்தேசியவாதத்துக்கும் உலக உம்மாவுக்கும் இடையில் வைத்துப் பார்க்கிறார். இரு பக்கத்து இனவாதமும் நெருக்கியபோது நாம் மார்க்க அடையாளத்தைப் பற்றிக்கொண்டோம். வளைகுடாத் தொழிலும் தௌஹீத் இயக்கங்களும் அதற்கு வேறொரு உருவம் கொடுத்தன. சூபி மரபோடு உள்வீட்டுச் சச்சரவு வளர்ந்தது. இவையெல்லாம் நாம் கண்ணால் கண்டவை. மறுக்க முடியாது. என் பிரச்சினை 'இடையில்' என்ற சொல்லோடு. அது ஒரு தராசைக் காட்டுகிறது. ஒரு தட்டு உயர்ந்தால் மற்றது தாழ வேண்டும்: உம்மா கூடினால் ஊர் குறையும், அரபு கூடினால் தமிழ் குறையும்.

கண்டியின் இலக்கிய வரலாறு அப்படிச் சொல்லவில்லை. 1838இல் இந்த நகரில் பிறந்த சித்திலெவ்வை 1882இல் 'முஸ்லிம் நேசன்' பத்திரிகையைத் தொடங்கினார். அடுத்த வருடம் எகிப்தின் ஒராபி பாஷா நாடு கடத்தப்பட்டு இலங்கைக்கு வந்தார். பிற்காலத்தில் கண்டியிலேயே வாழ்ந்தார். அவரோடு கூடிப் பேசிய சித்திலெவ்வை அரபு மோகத்தில் தமிழைக் கைவிட்டாரா? 1885இல் 'அசன்பே சரித்திரம்' எழுதினார். இலங்கையின் முதல் தமிழ் நாவல் என்று நாம் பெருமைப்படும் அந்த நூலின் நாயகன் எகிப்தில் பிறந்தவன், கதை இந்தியாவுக்கு வருகிறது, எழுதியவர் கண்டிச் சட்டத்தரணி, மொழி தமிழ். உலக உம்மாவும் உள்ளூர்த் தமிழும் அங்கே தராசுத் தட்டுகள் அல்ல, ஒரே வண்டியின் இரு சக்கரங்கள். தெல்தோட்டைப் பக்கத்துப் போப்பிட்டியில் பிறந்த அருள்வாக்கி அப்துல் காதிர் புலவர் நபிகளைப் பாடியது தமிழ்ப் பிரபந்த மரபில். கல்ஹின்னைத் தமிழ் மன்றம் மலைக் கிராமத்திலிருந்து நூல் நூலாக வெளியிட்டது.

மெக்கில்வ்ரேயின் சாட்சிகள் பெரும்பாலும் வீடு, குடி, பள்ளி, சடங்கு, தேர்தல். இலக்கியம் அவருடைய சாட்சிக் கூண்டில் ஏறுவது அரிது. அதனால்தான் நாம் தமிழைப் பேசுகிறோம், ஆனால் தமிழராக இல்லை என்ற புதிரை அவர் அரசியலால் விளக்க வேண்டியிருந்தது. நம் புலவர்களை வாசித்திருந்தால், இனப்பெயரை ஏற்காமலே ஒரு மொழியை முழுமையாகத் தனதாக்கிக்கொள்ள முடியும் என்பதைக் கண்டிருப்பார். பேராதனையில் தமிழ்ப் பேராசிரியராக இருந்த எம்.ஏ. நுஃமான் போன்றவர்கள் இலக்கியத்தையும் அடையாளத்தையும் சேர்த்தே பார்த்ததன் அருமை இங்கேதான் தெரிகிறது. அதுபோல, கொழும்புப் பல்கலைக்கழக மானிடவியலாளர் ஃபர்சானா ஹனிஃபா 2008இல் எழுதிய கட்டுரை, பக்தி இயக்கங்களில் சேர்ந்த முஸ்லிம் பெண்களை ஏமாந்தவர்களாக அல்லாமல் தாமே யோசித்து நடப்பவர்களாக எடுத்துக்கொண்டு பேசுகிறது. வீட்டுக்குள்ளிருந்து பார்ப்பவருக்கு உள்ள வசதி அது.

மூன்றாவதை மனத்தாங்கல் என்று சொல்ல முடியாது. அது நம் மீதே திரும்புகிறது. மெக்கில்வ்ரேயின் நூலில் பழைய படங்கள் நிறைய உண்டு. சேலைத் தலைப்பைத் தலையில் போட்ட உம்மாமார், அவுலியாக்களின் கொடியேற்றம், பாவாமாரின் ராத்திபு. இவற்றை எடுத்துக்காட்டி "முன்னே இப்படி இருந்தீங்க, இப்ப ஏன் மாறினீங்க?" என்று நம்மைக் குற்றக் கூண்டில் நிறுத்துகிறவர்கள் இருக்கிறார்கள். 2019 ஏப்ரலுக்குப் பின்னர் அந்தக் குரல் கூடியது. நம்மில் சிலர் அதே படங்களைப் பார்த்து வெட்கப்பட்டு மூடி வைக்கச் சொல்கிறார்கள். எழுபதுகளின் சிங்களப் பெண்ணின் படத்தைக் காட்டி ஏன் மாறினாய் என்று யாரும் கேட்பதில்லை. மாறுவது மனிதருக்குள்ள உரிமை. ஆனால் மாறியதை மறைப்பது வேறு விசயம்.

இதை நான் என் வீட்டிலேயே கண்டேன். அந்த மாணவியின் கேள்விக்குப் பின் வகுப்புக்கு ஒரு வேலை கொடுத்தேன்: வீட்டில் ஆக வயது கூடியவரிடம் போய், அவர் சின்ன வயதில் கண்டதை எழுதி வாருங்கள். நானும் என் மாமியிடம் போய்க் கேட்டேன், நம் வீட்டில் நடந்த ராத்திபு பற்றி. மாமி கதவுப் பக்கம் பார்த்துவிட்டு, "அதெல்லாம் இப்ப செல்லப்படாது மகன். புள்ளைகள் ஏசும்" என்றார். பிறகு மெதுவாக, யார் முதல் பைத்து எடுப்பார், எந்த வீட்டிலிருந்து சோறு வரும், பக்கத்துச் சிங்கள வீட்டுக்கு முதல் சஹன் எப்படிப் போகும் என்று ஒரு மணித்தியாலம் சொன்னார். அந்த ராத்திபு மார்க்கத்தில் கூடுமா கூடாதா என்று தீர்ப்புச் சொல்வது உலமாக்களின் வேலை. அது நடந்தது என்று எழுதி வைப்பது நம் வேலை. இரண்டையும் குழப்பிக்கொண்டதால்தான், நம் ஊரின் நினைவு அமெரிக்கப் பல்கலைக்கழக வெளியீடாக ஆங்கிலத்தில் இருக்கிறது. நம் ஊரிலேயே இல்லை. மலைநாட்டுக்கு அதுவும் இல்லை.

பிள்ளைகள் கொண்டு வந்த குறிப்புகள் எல்லாம் நல்லவை என்று சொல்ல மாட்டேன். சில இணையத்தில் பார்த்து எழுதியவை. ஆனால் ஒரு பிள்ளை தன் மூத்தும்மாவின் அரபுத்தமிழ்க் கொப்பியின் மூன்று பக்கங்களைப் படம் பிடித்து வந்தான். வியாழன் பின்னேரங்களில் மூத்தும்மாவுக்கு வாசித்துக் காட்டி, ஒவ்வொரு சொல்லாகத் தமிழில் எழுதிக்கொண்டிருக்கிறான். அது ஒரு மருந்துக் குறிப்பு.

மெக்கில்வ்ரேயின் நூலை நான் பரிந்துரைப்பேன். நம் ஊர் நூலகங்களில் வைக்கச் சொல்வேன். நாம் யார் என்பதற்கான விடை என்று சொல்லிக் கொடுக்க மாட்டேன். ஒரு ஊரில் பொறுமையாக உட்கார்ந்து, பெண்களிடமும் முதியோரிடமும் கேட்டு, சொன்னதை மறைக்காமல் எழுதினால் எவ்வளவு வெளிச்சம் வரும் என்பதற்கு உதாரணம் என்று சொல்லிக் கொடுப்பேன்.

அந்த மாணவியை அண்மையில் கண்டி மணிக்கூட்டுக் கோபுரத்துக்குக் கிட்ட பஸ் நிறுத்தத்தில் கண்டேன். இப்போது அவளும் ஒரு பாடசாலையில் படிப்பிக்கிறாள். கடனைச் சொன்னேன். "நீங்க கேட்ட கேள்வியில ரெண்டு கேள்வி இருந்திச்சி மகள். எங்கேருந்து வந்த எண்டதுக்கு விடை நெறைய ஈக்கிது: அரபுநாடு, காயல்பட்டினம், கேரளம், இந்த மலை, எல்லாம். எங்க போற எண்டதுக்கு ஒரே விடைதான். எங்கயும் இல்ல. அந்த ரெண்டாவதுக்கு முதலாவத அத்தாட்சியாக் காட்டத் தேவையில்ல" என்றேன். அவள் சிரித்துவிட்டு, "இத அண்டைக்கே செல்லியீக்கலாமே சேர்" என்றாள்.

சொல்லியிருக்கலாம். அப்போது எனக்குத் தெரியாது.